ஈசானிய மூலையும் ஏரிக்கரையும்

பஞ்சாங்கக் கணக்குப்படி வாஸ்து புருஷன் ஆண்டில் எட்டு நாள்தான் கண் விழிக்கிறான்: சித்திரை 10, வைகாசி 21, ஆடி 11, ஆவணி 6, ஐப்பசி 11, கார்த்திகை 8, தை 12, மாசி 22. ஆனி, புரட்டாசி, மார்கழி, பங்குனி மாதங்களில் அவன் எழுவதே இல்லை. விழிக்கும் நாளிலும் அவனுக்குக் கிடைப்பது மூன்றே முக்கால் நாழிகை, அதாவது 90 நிமிடம். பல் துலக்க 18 நிமிடம், குளிக்க 18, பூசைக்கு 18, சாப்பாட்டுக்கு 18, தாம்பூலத்துக்கு 18 என்று அது ஐந்தாகப் பிரிகிறது. கடைசி இரண்டு கூறுகளில், அவன் உண்டு முடித்து வெற்றிலை போடும் 36 நிமிடத்துக்குள், மனைக்குப் பூசை போட்டுவிட வேண்டும் என்பது வழக்கம். வயிறு நிறைந்தவனிடம்தான் வரம் கேட்க வேண்டும் என்ற உலகியல் அறிவு இந்தக் கணக்குக்குள் இருக்கிறது.

ஸ்ரீபெரும்புதூர்–ஒரகடம் தொழில் வட்டாரத்தில் இந்த 36 நிமிடத்துக்குக் கிராக்கி அதிகம். வெளிநாட்டு முதலீட்டில் எழும் ஆலைகளும் இங்கே பூமி பூசை போட்டுத்தான் முதல் குழி தோண்டுகின்றன. காஞ்சிபுரம் மாவட்டம் ஸ்ரீபெரும்புதூர் வட்டத்தைச் சேர்ந்த வல்லம் வடகாலின் பெயர் இன்று சிப்காட் தொழிற்பூங்காவோடும், யமஹா, ராயல் என்ஃபீல்டு மோட்டார் சைக்கிள் ஆலைகளோடும் சேர்த்தே சொல்லப்படுகிறது. ஒவ்வொரு மனைக்கும் ஒரு ஈசானிய மூலை, ஒரு கன்னி மூலை, ஒரு அக்னி மூலை உண்டு. நிலத்தடித் தொட்டி வடகிழக்கில், மேல்நிலைத் தொட்டி தென்மேற்கில், மின்மாற்றியும் கொதிகலனும் தென்கிழக்கில் என்று வாஸ்து பார்ப்பவர் வரைபடத்தில் குறித்துக் கொடுக்கிறார். காம்பவுண்டுச் சுவருக்குள் எல்லாம் திசை தவறாமல் அமைகின்றன. சுவருக்கு வெளியே ஓடும் மழைநீர் எந்தத் திசைக்குப் போக வேண்டும் என்பதை எந்தப் பூசையும் கேட்பதில்லை.

ஒரு நகரத்தின் கட்டடங்களைத் திசைகளோடும் தெய்வங்களோடும் இசைவிக்கும் சடங்கு என்றால் கற்பனைக் கதைக்குரிய விஷயமாகத் தோன்றும். தமிழ்நாட்டில் அப்படி ஒரு சடங்கு நூல்களிலும் கல்வெட்டுகளிலும் தெருக்களிலும் இருந்தது. அதன் துண்டுகள் இன்றும் இருக்கின்றன. அது மூன்று செயல்களால் ஆனது. நிலத்தில் முன்பே இருப்பவர்களிடம் கேட்பது முதல் செயல். எல்லோருக்கும் பொதுவான கோட்டில் அளப்பது இரண்டாவது. அளந்ததை ஆண்டுதோறும் சுற்றி வந்து உறுதிசெய்வது மூன்றாவது. மூன்றுமே ஊரை அலகாகக் கொண்டவை. இன்றைய பூமி பூசையில் முதல் இரண்டின் சுருக்கம் இருக்கிறது. மூன்றாவது இல்லை, ஊரும் இல்லை. இந்தச் சுருக்கம் எப்படி நேர்ந்தது, அதில் எது போனது, எது போனது நல்லது என்பதே இக்கட்டுரையின் விசாரணை.

பூதங்களிடம் கேட்டல்

கட்டடக் கலை நூல்களில் மயமதம் தமிழகத்தோடு நெருங்கியது; சோழர் காலச் சூழலைச் சேர்ந்தது என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். புதுச்சேரி பிரெஞ்சு ஆய்வு நிறுவனத்தின் வழியாக புரூனோ தாகென்ஸ் அதைப் பதிப்பித்து மொழிபெயர்த்தார். நூல் கட்டடத்தில் தொடங்குவதில்லை. நிலத்தைத் தேர்வது, சோதிப்பது, ஏற்பது ஆகியவை முதலில் வருகின்றன. இந்த இடத்தில் வாழும் பூதங்களும் பிற உயிர்களும் வேறிடம் போகும்படி வேண்டிக்கொண்டு, அவற்றுக்குப் பலியிட்டு, நிலத்தை உழுது, விதைத்து, விளைந்ததை மாடுகள் மேய விட்ட பிறகே கயிறு பிடிக்கலாம். நிலம் காலியாக இருப்பதாக அந்த நூல் ஒருபோதும் எண்ணுவதில்லை. மனிதக் கண்ணுக்குத் தெரியாத குடியிருப்பாளர்கள் முன்பே அங்கே இருக்கிறார்கள். வருபவன் அவர்களுக்கு ஈடு தர வேண்டும்.

வாஸ்து புருஷனின் புராணமும் இதையே வேறு வகையில் சொல்கிறது. சிவன் அந்தகாசுரனோடு போரிட்டபோது சிந்திய வியர்வையிலிருந்து தோன்றிய பெரும்பசிக்காரன் அவன். உலகையே விழுங்கப் பார்த்தவனைத் தேவர்கள் குப்புறத் தள்ளி, ஆளுக்கோர் அங்கமாக அமுக்கிப் பிடித்தார்கள். யார் எங்கே பிடித்தாரோ அங்கேயே அவர் குடியேறினார். தலை வடகிழக்கில் இருக்கிறது. மண்டலத்தின் ஒவ்வொரு கட்டமும் இப்படி ஒரு பிடிதான். கட்டடத்துக்கு அடியில் பசியோடு ஒருவன் படுத்திருக்கிறான் என்ற எச்சரிக்கை அந்த அழகிய சதுரத்துக்குள் இருக்கிறது.

ஸ்ரீபெரும்புதூரின் தலபுராணம் இந்த இடத்தில் வியப்பான பொருத்தத்தோடு வந்து நிற்கிறது. இராமானுசர் 1017இல் பிறந்த ஊர் இது. ஆதிகேசவப் பெருமாள் கோயிலின் கதைப்படி, கயிலையிலிருந்து விலக்கப்பட்ட சிவனின் பூதகணங்கள் இங்கே வந்து தவமிருந்து பெருமாளின் அருளைப் பெற்றன. அதனால் இது பூதபுரி. மற்ற ஊர்களில் போகச் சொல்லி வேண்டப்படும் பூதங்கள் இந்த ஊரில் குடியேறிகளாகவும் பக்தர்களாகவும் நிலைபெற்றுவிட்டன. ஒரு தொழில் வட்டாரத்தின் முகவாசலில், இடம்பெயர்ந்தவர்களே ஊரை உண்டாக்கினார்கள் என்று ஒரு புராணம் இருப்பது கவனிக்கத்தக்கது.

மண் சோதனை மிகவும் நடைமுறை சார்ந்தது. ஆறாம் நூற்றாண்டு வராகமிகிரரின் பிருகத் சம்ஹிதை ஒரு முழ ஆழக் குழி தோண்டி, எடுத்த மண்ணையே திரும்பப் போட்டு மூடச் சொல்கிறது. மண் மிஞ்சினால் உத்தமம், சமமானால் மத்திமம், குறைந்தால் ஆகாது. குழியில் நீர் நிரப்பி நூறடி நடந்து திரும்பி வந்து பார். நீர் குறையாதிருந்தால் நல்ல நிலம். இறுகிய மண்ணா, இளகிய மண்ணா, நீரை எவ்வளவு வேகமாக உறிஞ்சுகிறது என்ற கேள்விகளுக்கு இதைவிட மலிவான சோதனை கிடையாது. இன்று துளையிட்டு மண் எடுத்து ஆய்வகத்துக்கு அனுப்பும் பொறியாளரும், ஈசானிய மூலையில் குழி வெட்டி நவதானியமும் பாலும் இடும் குருக்களும் ஒரே மனையில் வேலை செய்கிறார்கள். ஒருவரின் குழியில் தகவல் இருக்கிறது, மரியாதை இல்லை. மற்றவரின் குழியில் மரியாதை இருக்கிறது, தகவல் இல்லை. பழைய சடங்கில் இரண்டும் ஒரே குழியாக இருந்தன.

கயிறும் மீதியும்

அளவு திசையில் தொடங்குகிறது. சமதளத்தில் ஒரு சங்கை, அதாவது நேரான முளையை, நட்டு அதைச் சுற்றி வட்டம் போடுவார்கள். காலையில் நிழலின் நுனி வட்டத்தைத் தொடும் இடத்தையும் மாலையில் தொடும் இடத்தையும் குறித்து இணைத்தால் கிழக்கு மேற்குக் கோடு கிடைக்கும். சூரியன் அன்றாடம் வடக்கே தெற்கே நகர்வதால் ஏற்படும் சிறு பிழைக்கு மாதவாரியான திருத்தமும் மயமதத்தில் உண்டு. இந்த முறை தமிழ் இலக்கியத்துக்குப் புதிதன்று. பத்துப்பாட்டில் நக்கீரர் பாடிய நெடுநல்வாடையில், பாண்டியன் அரண்மனைக்கு மனை வகுக்கும்போது நூலறிந்தவர்கள் கோலின் நிழலால் திசை கண்டு, கயிறிட்டு, தெய்வத்தை வணங்கிப் பகுக்கும் செய்தி வருகிறது. வழிபாடும் நில அளவையும் ஒரே ஆளின் இரண்டு கைகளாக இருந்ததற்கு அதுவே பழைய சான்று.

திசைக்குப் பின் சதுரம். 64 கட்டங்கள் கொண்டது மண்டூக மண்டலம், 81 கட்டங்கள் கொண்டது பரமசாயிகம். ஒன்பதுக்கு ஒன்பதான பரமசாயிகத்தில் வெளிச்சுற்றில் 32 கட்டங்கள், அவற்றில் 32 தேவதைகள். உள்ளே 13 பேர். நடுவிலுள்ள ஒன்பது கட்டமும் பிரமனுக்கு. ஆக 45 பேர். மூலைவிட்டங்கள் வெட்டிக்கொள்ளும் புள்ளிகள் மர்மங்கள். அங்கே தூணோ சுவரோ வரக்கூடாது. நடுக்கட்டம் திறந்திருக்க வேண்டும். தமிழ் வீட்டின் முற்றம் இந்த இலக்கணத்தோடு நன்றாக ஒத்துப்போகிறது: வெளிச்சமும் காற்றும் மழையும் பிரமனின் பெயரால் உள்ளே வந்தன.

இனி, பலரும் பயபக்தியோடு விலகிப்போகும் ஆயாதி கணக்கு. ஓர் அளவை முழக் கணக்கில் எடுத்து, குறிப்பிட்ட எண்ணால் பெருக்கி, குறிப்பிட்ட எண்ணால் வகுத்து, மீதியைப் பார்ப்பதுதான் அது. நீளமா, அகலமா, சுற்றளவா எதை எடுப்பது என்பதில் நூல்கள் வேறுபடும். எட்டால் பெருக்கிப் பன்னிரண்டால் வகுத்தால் வருவது ஆயம், வருமானம். ஒன்பதால் பெருக்கிப் பத்தால் வகுத்தால் வியயம், செலவு. மூன்றால் பெருக்கி எட்டால் வகுத்தால் யோனி. யோனியில் மீதி 1 கொடி, 2 புகை, 3 சிங்கம், 4 நாய், 5 காளை, 6 கழுதை, 7 யானை, மீதியில்லாவிட்டால் காகம். ஒற்றைப்படை மீதிகள் நல்லவை, இரட்டைப்படை ஆகாதவை. வருமானம் செலவை விட மிகுந்திருக்க வேண்டும்.

இந்தக் கணக்கைக் கொஞ்சம் பிரித்துப் பார்த்தால் அதன் உள்கட்டு தெரிகிறது. மூன்றால் பெருக்குவதால் ஒற்றை இரட்டை மாறாது. எட்டால் வகுப்பதாலும் மாறாது. ஆகவே யோனிச் சோதனை முழுவதும் கடைசியில் சொல்வது ஒன்றே: ஒற்றைப்படை முழத்தைத் தேர்ந்தெடு. ஆயத்தில் எந்த எண்ணை எடுத்தாலும் மீதி 4, 8, அல்லது ஒன்றுமில்லை என்ற மூன்றில் ஒன்றாகத்தான் வரும். மீதியில்லாததை 12 என்று கொண்டால், மூன்றின் மடங்கான எந்த அளவுக்கும் வருமானம் 12. செலவோ பத்தைத் தாண்டவே முடியாது. எனவே 9, 15, 21, 27 என்று ஒற்றைப்படையில் வரும் மூன்றின் மடங்குகள் இந்த இரு சோதனைகளிலும் தவறாமல் தேறும். 21 முழத்துக்குப் பார்த்தால் யோனி 7, யானை, ஆயம் 12, வியயம் 9. இருபது முழமென்றால் யோனி 4, நாய் வந்து நிற்கிறது.

மந்திரமாகத் தெரிவது, எளிதில் நினைவில் நிற்கும் ஒரு வடிகட்டி. கட்டுமானத்தில் ஈடுபட்ட தச்சர், கல்தச்சர், கொல்லர் எல்லோருக்கும் ஒரே குடும்பத்து எண்களைத் தந்து, அளவுகள் கண்டபடி சிதறாமல் பார்த்துக்கொள்ளும் வேலையை அது செய்திருக்க முடியும். நட்சத்திரம், கிழமை, திதி என்று மேலும் சோதனைகள் சேரும்போது தேர்வு இன்னும் குறுகும். இதனால் வீட்டுக்குச் செல்வம் வரும் என்பதற்கு இந்தக் கணிதத்தில் இடமில்லை. அளவுகளுக்குள் ஒழுங்கு வரும் என்பதற்கு இடமுண்டு.

எண்திசைக்கும் ஒரு தாளம்

ஊரையே இசைவிக்கும் சடங்கு என்ற பெயருக்கு முழுத் தகுதி பெற்றது நவசந்தி. சைவ ஆகமக் கோயில்களில் பெருந்திருவிழாவின் கொடியேற்றத்தையொட்டி எட்டுத் திசைகளும் நடுவும் ஆகிய ஒன்பது சந்திகளில் அந்தந்தத் திசைக்காவலரை அழைத்துப் பலியிடுவார்கள். நடுவில் பிரமன், கிழக்கில் இந்திரன், தென்கிழக்கில் அக்னி, தெற்கில் யமன், தென்மேற்கில் நிருதி, மேற்கில் வருணன், வடமேற்கில் வாயு, வடக்கில் குபேரன், வடகிழக்கில் ஈசானன். ஒவ்வொருவருக்கும் தனித் தாளம், தனிப் பண், தனி ஆடல் உண்டு. பிரமசந்திக்குப் பிரமதாளம், இந்திரனுக்குச் சமதாளம். தஞ்சை மரபில் கங்கைமுத்து நட்டுவனார் இயற்றிய நவசந்தி கவுத்துவங்கள் இந்தச் சடங்குக்கான ஆடல் பாடங்கள்.

இதில் நடப்பதைக் கவனித்தால், காகிதத்தில் இருக்கும் மண்டலம் தெருவில் இறங்குகிறது. நிழலால் கண்ட திசை இப்போது காதுக்குக் கேட்கிறது. கயிற்றால் போட்ட கோட்டைக் கால்கள் நடந்து காட்டுகின்றன. தன் வீடு எந்தத் திசைக்காவலனின் சந்தியில் இருக்கிறது என்பது எழுத்தறியாதவருக்கும் தெரிந்துவிடும். இந்தச் சடங்கின் உயிர்நாடியாக இருந்தவர்கள் கோயிலில் ஆடிய பெண்கள். சென்னை மாகாணத்தில் 1947இல் பொட்டுக்கட்டுத் தடைச் சட்டம் வந்தது. ஒரு சுரண்டல் முறைக்கு முடிவு கட்டியது. அதோடு அந்த ஆடல் தெருவை விட்டு நீங்கி, பின்னாளில் சபா மேடையில் நிகழ்ச்சியாக மறுபிறவி எடுத்தது. கோயில்களில் பெரும்பாலும் மந்திரமும் மேளமுமே மிஞ்சின. மேடையில் எட்டுத் திசைகளும் ஆறு அடிக்குள் அடங்கிவிடுகின்றன.

தேரோட்டம் இதே வேலையை இன்னும் பருமையாகச் செய்கிறது. தேர் வருமென்றால் தெருவில் நீண்ட கூரைச் சாய்ப்பு உள்ளே போக வேண்டும்; குழி மூடப்பட வேண்டும்; மூலையில் தேரைத் திருப்ப முட்டுக்கட்டை போடும் ஆளுக்கு இடம் வேண்டும். தெருவின் அகலம் யாருடைய சொத்துமில்லை என்பதை ஆண்டுக்கொரு முறை பல டன் எடையுள்ள ஒரு மரக்கோபுரம் வந்து சொல்லிவிட்டுப் போகிறது. நகராட்சிக்கு முந்தைய காலத்தில் ஆக்கிரமிப்பு அகற்றும் துறை என்று ஒன்று இருந்ததென்றால் அது தேர்தான்.

மதுரை இதற்குத் தெளிந்த சான்று. பரிபாடல் பாடிய காலத்திலேயே அந்த நகரைத் தாமரையாகவும் தெருக்களை இதழ்களாகவும் கோயிலைப் பொகுட்டாகவும் பார்க்கும் பார்வை இருந்தது. ஆடி, சித்திரை, ஆவணி மூலம், மாசி என்று மாதப் பெயர் தாங்கிய வீதிகள் கோயிலைச் சுற்றிச் சதுரச் சதுரமாக விரிகின்றன. 1623 முதல் 1659 வரை ஆண்ட திருமலை நாயக்கர் மாசியில் நடந்த திருக்கல்யாண விழாவைச் சித்திரைக்கு மாற்றினார். அதனால்தான் சித்திரைத் திருவிழாவின் தேர் இன்றும் மாசி வீதிகளில் ஓடுகிறது. 1840களில் கலெக்டர் பிளாக்பர்ன் கோட்டைச் சுவரை இடித்தபோது அகழி தூர்ந்து வெளிவீதி பிறந்தது. சதுரத்துக்கு இன்னொரு சுற்று சேர்ந்தது. அரசன் நாளை மாற்றினான், கலெக்டர் மதிலை மாற்றினார். சுற்றி வருவது மட்டும் நிற்கவில்லை. வடிவம் நிலைத்ததற்கு முதல் நாளில் பார்த்த முகூர்த்தம் காரணமில்லை. ஆண்டுதோறும் அதன்மேல் நடந்த கால்கள்தான் காரணம்.

உத்திரமேரூர்: நீரால் எழுதிய கட்டம்

வல்லம் வடகால் இருக்கும் அதே காஞ்சிபுரம் மாவட்டத்தில், நூல் சொன்னபடி வகுக்கப்பட்ட ஓர் ஊர் இன்றும் இருக்கிறது. உத்திரமேரூர் எட்டாம் நூற்றாண்டில் இரண்டாம் நந்திவர்ம பல்லவன் காலத்தில் பிரமதேயமாக, அதாவது பிராமணர்களுக்குத் தானமளித்த ஊராக, அமைந்தது. பிரான்சுவா குரோவும் இரா. நாகசாமியும் சேர்ந்து எழுதி 1970இல் புதுச்சேரியிலிருந்து வெளிவந்த ஆய்வு, ஊரின் அமைப்பையும் கோயில்களின் இடத்தையும் வைகானச ஆகம நூல்களோடு ஒப்பிட்டுப் பொருத்தம் காட்டியது. மூன்று தளங்களில் நின்றும் இருந்தும் கிடந்தும் பெருமாள் காட்சி தரும் சுந்தரவரதர் கோயில் மரீசியின் நூல் மரபைச் சேர்ந்தது.

குடவோலைக் கல்வெட்டுகளால் புகழ்பெற்ற ஊர் என்பதால் இதன் வடிவக் கணிதம் அதிகம் பேசப்படுவதில்லை. முதலாம் பராந்தகனின் 919, 921ஆம் ஆண்டுக் கல்வெட்டுகள் ஊரை 30 குடும்புகளாகப் பிரித்து, சம்வத்சர வாரியம், தோட்ட வாரியம், ஏரி வாரியம் முதலியவற்றுக்கு ஆள் தேர்ந்தெடுக்கும் விதியைச் சொல்கின்றன. இடத்தைப் பிரித்த அதே மனம் பொறுப்பையும் பிரித்தது.

சோழர் காலப் பிரமதேயக் கல்வெட்டுகளில் ஒரு நிலத்தின் முகவரி எழுதப்படும் விதத்தைப் பார்க்க வேண்டும். இன்ன வதிக்குக் கிழக்கு, இன்ன வாய்க்காலுக்கு வடக்கு, இத்தனையாம் கண்ணாறு, இத்தனையாம் சதிரம். வதி என்ற பாதை வடக்கு தெற்காக ஓடும்; வாய்க்கால் கிழக்கு மேற்காக ஓடும்; இரண்டும் வெட்டும் கட்டத்துக்குள் சதிரங்கள் வரிசையெண்ணோடு அமையும். அரசர் அரசியர் பெயர்கள் வதிக்கும் வாய்க்காலுக்கும் சூட்டப்பட்டன. 81 கட்ட மண்டலத்தின் வயல்வெளிப் பிரதி இது. ஆனால் முக்கியமான வேறுபாடு ஒன்று உண்டு: இந்தக் கட்டத்தின் பாதிக் கோடுகள் நீரால் ஆனவை. முகவரியைச் சொன்னாலே அந்த நிலத்துக்குத் தண்ணீர் எந்தப் பக்கமிருந்து வருகிறது என்பதும் சொல்லப்பட்டுவிடும்.

கட்டத்தை உயிரோடு வைத்தது ஏரி. பல்லவன் தந்திவர்மனின் பட்டப்பெயரால் வயிரமேக தடாகம் எனப்பட்ட ஏரியில் வண்டல் அள்ள அறக்கொடைகள் இருந்தன; ஏரி வாரியம் ஆண்டுதோறும் மாறியது. புனித வடிவம் என்று இன்று நாம் எதைச் சொல்கிறோமோ, அதன் பெரும்பகுதி அன்றாடத்தில் தூர்வாருதலாகத்தான் இருந்தது.

சதுரத்துக்கு வெளியே

இதுவரை சொன்னதைக் கேட்டு அந்தக் காலம் பொற்காலம் என்ற முடிவுக்கு யாரும் தாவிவிடக் கூடாது. நூல்கள் மண்ணையே நிறத்தாலும் மணத்தாலும் சுவையாலும் நான்கு வருணமாகப் பிரித்தன. பிருகத் சம்ஹிதையில் குழிக்குள் நான்கு திரிகள் ஏற்றி, எந்தத் திரி நின்றெரிகிறதோ அந்த வருணத்துக்கு நிலம் ஏற்றது என்று பார்க்கும் சோதனை உண்டு. மயமதம் சண்டாளர் குடியிருப்பை ஊரிலிருந்து விலக்கித் தொலைவில் வைக்கிறது. இது ஏட்டோடு நிற்கவில்லை. முதலாம் இராசராசனின் தஞ்சைப் பெரியகோயில் கல்வெட்டுகள் வரியில்லா நிலங்களைப் பட்டியலிடும்போது ஊர்நத்தம் தனியாகவும் பறைச்சேரி தனியாகவும் வருகின்றன. தீண்டாச்சேரி என்ற பெயரும் அவற்றில் பதிவாகியிருக்கிறது. குடவோலையில் பெயர் எழுதப்படவும் நிலமும் வேதக் கல்வியும் தகுதிகளாக இருந்தன.

ஆக, மண்டலத்தின் மிகத் தெளிவான கோடு அதன் வெளிக்கோடு. பூதங்களிடம் அனுமதி கேட்கத் தெரிந்த சடங்குக்கு, வயலில் இறங்கி வாய்க்கால் வெட்டியவர்களிடம் கேட்கத் தெரியவில்லை. வாஸ்துவை அறிவியல் என்று மேடையில் போற்றுபவர்கள் இந்தப் பகுதியைத் தாண்டிப் போகிறார்கள். மூடநம்பிக்கை என்று ஒரே சொல்லில் ஒதுக்குபவர்கள் மண்சோதனையையும் வாய்க்கால் கட்டத்தையும் சேர்த்து ஒதுக்கிவிடுகிறார்கள். மரபைச் சல்லடையில் போட்டால் கேட்டலும் அளத்தலும் சுற்றி வருதலும் மேலே நிற்கும். யாரை வெளியே நிறுத்துவது என்ற விதி கீழே போக வேண்டியது.

புது நகரங்களின் மண்

நகரத்துக்கே சடங்கு செய்யும் ஆசை நவீன காலத்திலும் விடவில்லை. 1727இல் இரண்டாம் ஜெய்சிங் தொடங்கிய ஜெய்ப்பூர் ஒன்பது கட்டச் சதுரமாக எண்ணப்பட்டது என்பது பரவலான விளக்கம். வடமேற்கில் மலை குறுக்கிட்டதால் சதுரம் அங்கே உடைந்து, கிழக்குப் பக்கமாக நகர்ந்து நீண்டது. கட்டடக் கலைஞர் சார்லஸ் கொரியா தம் ஜவஹர் கலா கேந்திரத்தை அதே ஊரில் ஒன்பது கட்டமாக வரைந்து, ஒரு கட்டத்தை வேண்டுமென்றே விலக்கி வைத்தார். மலைக்கு வழிவிட்ட சதுரமே அந்த நகரத்தின் அடையாளம் என்பதை அவர் உணர்ந்திருந்தார்.

1968 பிப்ரவரி 28இல் ஆரோவில் தொடங்கியபோது 124 நாடுகளிலிருந்தும் இந்திய மாநிலங்களிலிருந்தும் கொண்டுவந்த மண்ணைத் தாமரை வடிவத் தாழியில் இட்டார்கள். ரோஜர் ஆஞ்சேயின் நகர வரைபடம் சுருள்விண்மீன் மண்டலத்தைப் போல மாத்ரி மந்திரைச் சுற்றி விரிந்தது. 2015 அக்டோபர் 22, விஜயதசமியன்று அமராவதிக்கு அடிக்கல் நாட்டியபோது ஆந்திரத்தின் சுமார் 16,000 கிராமங்களிலிருந்து மண்ணும் நீரும் வந்தன. 2019இல் ஆட்சி மாறியதும் பணிகள் நின்றுபோயின. 2024இல் மீண்டும் ஆட்சி மாறிய பிறகே உயிர்பெற்றன. இரண்டிலும் மண் வெளியிலிருந்து வந்து ஓரிடத்தில் குவிந்தது. பழைய சடங்கு எதிர்த்திசையில் இயங்கியது: அது நடுவிலிருந்து புறப்பட்டு ஒவ்வொரு சந்தியாகப் போனது. மண்ணைக் கொண்டுவருவது ஒருநாள் விழா. சந்திக்குப் போவது ஆண்டுதோறும் செய்ய வேண்டிய வேலை.

வடகாலுக்கு ஒரு சுற்று

இனி வல்லம் வடகாலுக்குத் திரும்பலாம். 1971இல் தொடங்கப்பட்ட சிப்காட் வகுக்கும் தொழிற்பூங்காவும் ஒரு கட்டமைப்புதான். மனை எண், சாலை எண், பசுமைப் பட்டை எல்லாம் அதில் உண்டு. சதிர முகவரியைப் போலவே இங்கும் எண்ணைச் சொன்னால் இடம் தெரியும். தண்ணீர் எங்கிருந்து வந்து எங்கே போகிறது என்பது மட்டும் அந்த முகவரியில் இல்லை. ஏரி மாவட்டம் என்று பெயரெடுத்த பழைய செங்கல்பட்டின் பகுதி இது. ஓர் ஏரி நிரம்பி அடுத்ததற்கு வழியும் சங்கிலியாக இந்நிலம் அமைந்தது. ஸ்ரீபெரும்புதூர், பிள்ளைப்பாக்கம் பக்கத்து ஏரிகளின் நீர் செம்பரம்பாக்கத்தை நோக்கிச் செல்கிறது. 2015 டிசம்பர் தொடக்கத்தில் செம்பரம்பாக்கத்திலிருந்து நொடிக்கு 29,000 கன அடி நீர் திறக்கப்பட்டபோது, மேலே பெய்த மழைக்கும் கீழே சென்னைக்கும் இடையில் இருந்த நிலம் எப்படிப்பட்டது என்ற கேள்வி எல்லோருக்கும் உறைத்தது.

வடகிழக்கு தாழ்ந்தும் தென்மேற்கு உயர்ந்தும் இருக்க வேண்டும் என்ற வாஸ்து விதி, மேற்கிலிருந்து கிழக்கே சரியும் தமிழ்நாட்டு நிலத்துக்குப் பெரிதும் பொருந்துகிறது. ஊரளவில் அதைப் பின்பற்றினால் நீர் தன் இயல்பான வழியில் வடியும். தாழ்ந்த மூலையில் குளம் அமையும். மனையளவில் சுருக்கினால் விளைவு வேறு. ஒவ்வோர் ஆலையும் தன் தென்மேற்கை மண் கொட்டி உயர்த்தி, தன் வடகிழக்கில் தொட்டி கட்டிக்கொள்ளும். அண்டை மனையின் தென்மேற்கு மேடு இந்த மனையின் வடகிழக்கு வடிகாலுக்கு எதிரே வந்து நிற்கும். ஒவ்வொருவரும் விதியைச் சரியாகப் பின்பற்றுவதாலேயே வட்டாரம் முழுவதும் விதி மீறப்படும். சடங்கு ஊரிலிருந்து மனைக்குச் சுருங்கியதன் கணக்கு இதுதான்.

மனிதர்களின் கணக்கும் சேர வேண்டும். 2024 ஆகஸ்டு 17 அன்று வல்லம் வடகாலில் 706.50 கோடி ரூபாய்ச் செலவில் 18,720 பெண் தொழிலாளர்கள் தங்கும் குடியிருப்பு திறக்கப்பட்டது. பழைய அளவில் அது ஒரு கட்டடமில்லை, தனி ஊர். பல மாவட்டங்களிலிருந்து வந்த இளம்பெண்களின் ஊர். அவர்கள் நடக்கும் தெரு, பேருந்து ஏறும் இடம், இரவுப்பணி முடிந்து திரும்பும் வழி ஆகியவை எந்தச் சந்தியில் சேர்த்தி? பூதபுரிக் கதையில் வந்தேறிகளுக்கும் ஒரு குளமும் கோயிலும் கிடைத்தன. மண்டலத்தின் வெளிக்கோட்டைப் பற்றிய பழைய கேள்வி இந்த இடத்தில் புது வடிவில் எழுகிறது.

இதற்கு ஒரு பெரிய யாகம் தேவையில்லை. மூன்று செயல்களுக்கும் உரிய இடம் சட்டத்திலேயே இருக்கிறது. தமிழ்நாட்டில் கிராம சபை ஆண்டுக்கு ஆறு முறை கூடுகிறது. அவற்றில் ஒன்று மார்ச் 22, உலகத் தண்ணீர் நாள். அந்த நாளில் சபை கூட்ட மண்டபத்தோடு நிற்காமல், ஏரிக்கரையில் தொடங்கி வரத்துக்கால், கலங்கல், போக்குக்கால், ஆலை மதில்களுக்கு இடையிலான வடிகால், தொழிலாளர் குடியிருப்பின் வாசல் என்று ஒன்பது இடங்களைச் சுற்றி வரட்டும். சிப்காட் அலுவலரும் ஆலைப் பொறியாளரும் விடுதிப் பெண்களின் சார்பாளர்களும் உடன் நடக்கட்டும். ஒவ்வோரிடத்திலும் சென்ற ஆண்டு எழுதிய அளவை இந்த ஆண்டு அளவோடு வைத்துப் பார்த்து, குறைந்திருந்தால் யார் பொறுப்பு என்று அங்கேயே எழுதட்டும். கேட்டலும் அளத்தலும் சுற்றி வருதலும் அதில் வந்துவிடும். குடவோலைக் காலத்தில் இல்லாத ஒன்றும் சேரும்: அந்த ஊர் வாக்காளர் எவரும் நிலமோ வேதமோ காட்டாமல் அங்கே பேசலாம்.

மார்ச் 22 பங்குனியில் வருகிறது. பஞ்சாங்கப்படி வாஸ்து புருஷன் அந்த மாதம் முழுவதும் உறங்குகிறான். அதில் தடையொன்றும் இல்லை. உத்திரமேரூரில் வயிரமேக தடாகத்தைக் காத்தது அவன் விழித்திருந்த 90 நிமிடங்கள் மட்டுமில்லை. ஆண்டு முழுவதும் விழித்திருந்த ஏரி வாரியம். வல்லம் வடகாலுக்கு இன்று குறைவது அந்த வாரியம்தான்.